நெருப்புப்பெட்டிக்குள் இரண்டு சிப்பாய்கள்

1993ஆம் ஆண்டு, மாசி மாதமாக இருக்கவேண்டும். பின்னேர வகுப்பு முடிந்து பிள்ளைகள் சைக்கிள்களை எடுத்துக்கொண்டு போனபிறகும் ஒரு பெடியன் மட்டும் நின்றான். சட்டைப் பையிலிருந்து நெருப்புப்பெட்டி ஒன்றை எடுத்து மேசையில் வைத்தான். போர் நடந்த அந்த நாளில் யாழ்ப்பாணத்தில் நெருப்புப்பெட்டியே அருமைப்பொருள். வாத்தியாருக்குக் காணிக்கை என்று மனதுக்குள் மகிழ்ந்துகொண்டு தள்ளித் திறந்தால் உள்ளே குச்சி இல்லை. பஞ்சின்மேல் பெருவிரல் நகமளவில் ஒரு பச்சை வட்டம் கிடந்தது.

“கந்தரோடையில எங்கட வெங்காயத் தறை கொத்தேக்க வந்தது, சேர். காசோ பொத்தானோ எண்டு அப்பா கேக்கச் சொன்னவர்.”

நான் செய்த முதல் வேலையைக் கேட்டால் நாணயம் சேர்ப்பவர்கள் என்னை அடிக்க வருவார்கள். பித்தளைச் செம்பு மினுக்குவதுபோல் பழப்புளி வைத்துத் தேய்த்தேன். நூற்றாண்டுக் கணக்கில் மண்ணுக்குள் கிடந்து தேடிக்கொண்ட பச்சைப் படலம் பத்து நிமிடத்தில் போய்விட்டது. கழுவித் துடைத்து வெயிலில் சரித்துப் பிடித்தபோது இரண்டு ஆட்கள் தெரிந்தார்கள். எதிரெதிரே நிற்கிறார்கள். ஒரு கையில் ஈட்டி, மறுகை கேடயத்தின் மேல். இருவருக்கும் நடுவே ஒரு படைக்கொடி. திருப்பினால் ஒரு தலை, தலையைச் சுற்றி எழுத்து. எழுத்தில் முக்கால்வாசி தேய்ந்துவிட்டது. ‘கொன்ஸ்ட்’ என்று படிக்கக்கூடிய ஐந்து எழுத்துகள் மட்டும் தப்பியிருந்தன.

சட்டப்படி அதைத் தொல்பொருள் திணைக்களத்துக்கு அறிவித்திருக்க வேண்டும். அந்த ஆண்டில் யாழ்ப்பாணத்தில் யாரிடம் போய் அறிவிப்பதென்று எனக்குத் தெரியவில்லை. தெரிந்துகொள்ள முயலவும் இல்லை. கொட்றிங்டன் 1924இல் எழுதிய இலங்கை நாணயங்கள் பற்றிய நூலைத் தேடிப் பிடித்து, அதை வைத்துக்கொண்டு இரண்டு நாள் ஒப்பிட்டுப் பார்த்தேன். சந்தேகமில்லை. உரோமச் சில்லறை. கி.பி. 330களில் அடித்தது. சிப்பாய்களைச் சுற்றி இருந்திருக்கவேண்டிய இலத்தீன் வாசகம் ‘குளோரியா எக்சர்சிட்டஸ்’. படையின் புகழ் என்று பொருள்.

உயர்தர வகுப்புக்குக் கிரேக்க உரோம நாகரிகம் படிப்பித்தே தலை நரைத்தவன் நான். உரோமைக் கண்டதில்லை. உரோமர் கைபட்ட பொருளொன்றை நான் தொட்டது அதுதான் முதல் தடவை. அடுத்த நாள் வகுப்பில் அதைக் கைக்குக் கை சுற்றவிட்டேன். பின்வாங்கிலிருந்து ஒரு குரல் வந்தது: “அப்ப உரோமப் படை இஞ்ச வந்ததோ சேர்?”

வரவில்லை. சில்லறைதான் வந்தது. அது எப்படி என்று சொல்லப்போய் அந்தத் தவணை முழுதும் போயிற்று.

உரோமப் படை என்றதும் படங்களில் வரும் சிவப்புப் போர்வையும் வாளும்தான் கண்முன்னே வரும். உண்மையில் அந்தச் சிப்பாய் வாளைப் பிடித்த நேரத்தைவிட மண்வெட்டியைப் பிடித்த நேரம் அதிகம். பகைவர் நாட்டுக்குள் நடக்கும்போது ஒவ்வொரு நாள் பின்னேரமும், எவ்வளவு களைத்திருந்தாலும், சுற்றிவர அகழி வெட்டுவார்கள். வெட்டிய மண்ணை உட்பக்கம் வரம்பாகக் குவித்து, கையோடு கொண்டுவந்த கூர்க்கம்புகளை மேலே நட்டு, அதற்குள்தான் படுப்பார்கள். விடிந்ததும் கலைத்துவிட்டு நடை. பிரித்தானியா என்றாலும் சிரியா என்றாலும் முகாமின் வரைபடம் மாறாது. தெருக்கள் இன்ன இடம், தளபதியின் கூடாரம் இன்ன இடம், உன் கூடாரம் இத்தனையாவது. கும்மிருட்டில் எழுப்பிவிட்டாலும் ஆள் தன் இடத்துக்குப் போய் நிற்பான்.

மற்ற ஊர் ஆசிரியர்கள் இதை விளக்கப் படம் கீறியிருப்பார்கள். எனக்கு அந்த வேலை இருக்கவில்லை. வீட்டுக்கு வீடு பதுங்கு குழி வெட்டி, மேலே பனங்குற்றி அடுக்கி, மண்மூட்டை போட்ட பிள்ளைகள் அவர்கள். மின்சாரம் இல்லை. ஜாம் போத்தலுக்குள் கொஞ்சம் பஞ்சும் சொட்டு மண்ணெண்ணெயும் விட்டுக் கொளுத்திய வெளிச்சத்தில் படித்தவர்கள். உரோமரின் அகழி குறைந்தபட்சம் ஐந்தடி அகலம், மூன்றடி ஆழம் என்று சொன்னேன். “மூண்டடி காணாது சேர்,” என்றாள் ஒருத்தி. எதற்குக் காணாது என்று நான் கேட்கவில்லை.

கணக்கைப் பார்ப்போம். எட்டுப் பேருக்கு ஒரு கூடாரம், ஒரு கோவேறு கழுதை, மா அரைக்க ஒரு திருகைக்கல். இப்படிப் பத்துக் கூடாரம் சேர்ந்தால் ‘நூற்றுவர் அணி’. எண்பது பேரை நூற்றுவர் என்று அழைத்ததில் உரோமருக்கு வெட்கமிருந்ததாகத் தெரியவில்லை. ஆறு அணி ஒரு கொஹோர்ட். பத்துக் கொஹோர்ட் ஒரு லீஜியன். ஏறத்தாழ 5,000 பேர். பேரரசன் ஒகஸ்டஸ் காலத்தில் 28 லீஜியன்கள் இருந்தன. கி.பி. 9இல் ஜேர்மனியக் காடொன்றில் மூன்றைப் பறிகொடுத்தார்கள். 17, 18, 19 என்ற அந்த இலக்கங்களை அதற்குப்பிறகு எந்த லீஜியனுக்கும் வைக்கவில்லை.

நடைக்கும் அளவு உண்டு. கோடைகாலத்து ஐந்து மணி நேரத்தில் 20 உரோம மைல். நம்முடைய கணக்கில் முப்பது கிலோமீற்றருக்குச் சற்றுக் குறைவு. யாழ்ப்பாணம் நகரில் விடியப் புறப்பட்டால் நெல்லியடி தாண்டிவிடலாம். (உரோமர் பகலைப் பன்னிரண்டாகப் பிரித்தவர்கள். அதனால் கோடையில் அவர்களுடைய மணி நம்முடையதைவிட நீளம். வகுப்பில் இதைச் சொல்ல மறந்து கனகாலம் தவறான வேகத்தைப் படிப்பித்திருக்கிறேன்.) தோளில் முப்பது கிலோ அளவில் சுமை. நூற்றுவர் தலைவன் கையில் முந்திரிகைக் கொடித் தடி. லூசிலியஸ் என்ற தலைவனுக்குச் சிப்பாய்கள் வைத்த பட்டப்பெயர் ‘இன்னொன்று கொண்டா’. ஒருவனின் முதுகில் தடி முறிந்தால் அவன் அடுத்த தடி கேட்பானாம். கி.பி. 14இல் படை கிளர்ந்தபோது முதலில் கொல்லப்பட்டவர்களில் அவனும் ஒருவன்.

இவ்வளவும் என்ன சம்பளத்துக்கு? ஒகஸ்டஸ் காலத்தில் ஆண்டுக்கு 225 தெனாரியஸ் வெள்ளி, மூன்று தவணையாக. அதிலும் வெட்டு. இஸ்ரேலில் சாக்கடலோரத்து மசாடாக் கோட்டையில் ஒரு சிப்பாயின் சம்பளச் சீட்டு கிடைத்திருக்கிறது. பெற்றது 50 தெனாரியஸ். வாற்கோதுமைக்கு 16, சாப்பாட்டுக்கு 20, சப்பாத்துக்கு 5, தோல்வாருக்கு 2, சணல்நூற் சட்டைக்கு 7. கூட்டிப் பாருங்கள். கடன் தவணையும் காப்புறுதியும் வெட்டிய பிறகு ஆசிரியச் சம்பளத்தைக் கையில் வாங்கியவனுக்கு இந்தச் சீட்டை யாரும் மொழிபெயர்த்துச் சொல்லத் தேவையில்லை.

ஆனாலும் சேர்ந்தார்கள். 25 ஆண்டு முடித்து உயிரோடு நின்றால் காணியோ 3,000 தெனாரியஸோ கிடைக்கும். உரோமக் குடிமகனல்லாத துணைப்படைச் சிப்பாய்க்கு அதைவிடப் பெரியது கிடைக்கும்: குடியுரிமை. அதை வெண்கலத் தகட்டில் வெட்டிக் கையில் கொடுப்பார்கள். நேற்றுத் தன் ஊரை எரித்த படையில் இன்று மகன் சேருகிறான். நாளை பேரன் உரோமனாகிறான். வாளால் பிடித்த நாட்டை அவர்கள் நூற்றாண்டுக் கணக்கில் வைத்திருந்ததற்கு அந்தத் தகடு பெரிய காரணம் என்பது என் எண்ணம்.

வட இங்கிலாந்தில் விண்டொலாண்டா என்ற எல்லை முகாமின் ஈரமண்ணுக்குள்ளிருந்து மெல்லிய மரத்தகடுகள் நூற்றுக்கணக்கில் வந்திருக்கின்றன. கி.பி. 100ஐ ஒட்டியவை. ஊரிலிருந்து யாரோ ஒரு சிப்பாய்க்கு காலுறையும் இரண்டு சோடி உள்ளாடையும் அனுப்பிய செய்தி ஒன்றில் இருக்கிறது. இன்னொன்று கடன் கணக்கு. அதில் ஒருவன் பெயருக்கு நேரே மிளகு, இரண்டு தெனாரியஸ் என்று எழுதியிருக்கிறது. மிளகு அந்த நாளில் மலையாளக் கரையைத் தவிர வேறெங்கிருந்தும் அங்கே போயிருக்க முடியாது. பனி கொட்டும் எல்லையில் காவல் நின்றவன் நம்முடைய பக்கத்துக் காரத்தைச் சாப்பாட்டில் போட்டிருக்கிறான். நான் படிப்பித்ததில் பிள்ளைகள் மறக்காத விசயம் இது. இன்றைக்கும் ரொறன்ரோவிலிருந்து தொலைபேசி எடுக்கிறவர்கள் அந்த ‘மிளகுக்காரனை’த்தான் விசாரிக்கிறார்கள்.

சண்டைகளைப்பற்றிச் சொல்லாவிட்டால் பரீட்சை எழுத முடியாது. கி.மு. 216இல் கன்னேயில் ஹனிபல் ஒரே நாளில் ஐம்பதாயிரம் பேரளவில் வெட்டிச் சாய்த்தான். வேறு எந்த நகரமும் அன்றைக்கே பணிந்திருக்கும். உரோமர் மறுபடி ஆட்சேர்த்தார்கள். அவர்களுடைய உண்மையான ஆயுதம் வாளில்லை, ஆட்கணக்குப் புத்தகம் என்று நான் சொல்வதுண்டு. 70 ஆண்டு கழித்து, கி.மு. 146இல், ஹனிபலின் ஊரான கார்த்தேஜை இருந்த இடம் தெரியாமல் ஆக்கினார்கள்.

ஆனால் நான் நின்று நிதானித்துப் படிப்பித்தது அலேசியாவைத்தான். கி.மு. 52. பிரான்ஸ் நாட்டில், அப்போதைய கோல் தேசத்தில், குன்றின்மேல் ஒரு கோட்டை. உள்ளே வெர்சிஞ்செடொரிக்ஸ் என்ற இளந்தலைவனின் படை. யூலியஸ் சீசர் கோட்டையை முட்டவில்லை. சுற்றிவர வெட்டத் தொடங்கினான். உள்வட்டம் 16 கிலோமீற்றர். யாழ்ப்பாணத்திலிருந்து தெல்லிப்பழை வரை ஒரு மண்மதில் என்று வையுங்கள். வெளியிலிருந்து உதவிப்படை வருகிறதென்று கேள்விப்பட்டதும், வெளிப்பக்கம் பார்த்தபடி இன்னொரு வட்டம். அது 21 கிலோமீற்றர். சாவகச்சேரி தாண்டிப் போகும். மதிலுக்கு முன்னால் குழிகள். குழிக்குள் தீய்த்துக் கூராக்கிய முளைகள். மேலே பற்றை போட்டு மறைத்திருந்தார்கள். சிப்பாய்கள் அந்தக் குழிகளுக்கு ‘அல்லி’ என்று பெயர் வைத்தார்கள். முன்வாங்கிலிருந்து ஒரு பிள்ளை மெதுவாகச் சொன்னது: “மிதிவெடி.”

கோட்டைக்குள் உணவு முடிந்தது. சண்டை பிடிக்க முடியாதவர்களை வெளியே அனுப்புவதென்று முடிவெடுத்தார்கள். அந்த ஊரின் சொந்தக்காரர்களே அவர்கள்தான். முதியவர்கள், பெண்கள், குழந்தைகள். அவர்கள் உரோமரின் மதிலடிக்கு வந்து, அடிமையாகவாவது எடுங்கள், சாப்பாடு தாருங்கள் என்று அழுதார்கள். சீசர் காவலை இறுக்கி, ஒருவரையும் விடாதே என்றான். இதை எதிரிகள் எழுதிவைக்கவில்லை. சீசர் தன் நூலில் தானே எழுதியிருக்கிறான். அவர்களுக்குப் பிறகு என்ன நடந்ததென்று எழுதாமல் அடுத்த விசயத்துக்குப் போய்விடுகிறான். கோட்டைக்கும் மதிலுக்கும் நடுவில் அவர்கள் நின்றார்கள்.

அன்று நான் இந்த இடத்தில் பாடத்தை நிறுத்தினேன். ஒருவரும் கொப்பியில் எழுதவில்லை. உரோமர் காட்டுமிராண்டிகளுக்கு நாகரிகம் கொடுத்தார்கள் என்ற வரியை அதன்பிறகு நான் வகுப்பில் சொன்னதில்லை. வீதி போட்டார்கள், வாய்க்கால் கட்டினார்கள், சட்டம் எழுதினார்கள், எல்லாம் மெய். அதே ஆண்டு அவாரிகம் என்ற ஊரில் இருந்த 40,000 பேரில் 800 பேரளவில்தான் தப்பினார்கள் என்பதும் சீசரே தந்த கணக்கு. வெர்சிஞ்செடொரிக்ஸ் சரணடைந்தான். ஆறு ஆண்டு சிறையில் வைத்து, வெற்றி ஊர்வலத்தில் நடத்தி, பிறகு கொன்றார்கள்.

சரி, இந்தப் படை நம்முடைய கடலுக்கு எவ்வளவு கிட்ட வந்தது?

கி.மு. 30இல் எகிப்து உரோமர் கைக்குப் போயிற்று. அதோடு செங்கடல் துறைமுகங்களும் போயின. எகிப்தைப் பார்த்த ஸ்திராபோ என்ற புவியியலாளன், முன்பு ஆண்டுக்கு இருபது கப்பலும் துணியாத வழியில் இப்போது மயோஸ் ஹோர்மோஸ் துறையிலிருந்து மட்டும் 120 கப்பல் இந்தியாவுக்குப் போகிறது என்று எழுதினான். இலாபத்தின் வாசம் அடித்ததும் படையும் அந்தப் பக்கம் திரும்பியது. சாம்பிராணியும் நறுமணமும் தென் அரேபியாவுக்கூடாக வருகின்றன. அதைப் பிடித்தால் என்ன? ஆளுநர் ஈலியஸ் கல்லஸ் பத்தாயிரம் பேருடன் கிளம்பினான். எதிரிக்குக் கடற்படையே கிடையாது. இவன் முதலில் 80 போர்க்கப்பல் கட்டி நேரத்தைப் போக்கினான். கரையிறங்கினால் ஊர்த்தண்ணீரும் கீரையும் ஒத்துக்கொள்ளாமல் படைக்கு வாயிலும் காலிலும் நோய். சிலேயஸ் என்ற வழிகாட்டி சுற்றுப்பாதையில் கொண்டுபோனான். ஆறு மாதம் நடந்து, ஒட்டகத்தில் தண்ணீர் சுமந்து, கடைசி நகரை ஆறு நாள் முற்றுகையிட்டு, தண்ணீர் இல்லாமல் திரும்பினார்கள். சண்டையில் செத்தது ஏழே பேர் என்கிறான் ஸ்திராபோ. மற்றவர்களைப் பசியும் நோயும் களைப்பும் கொண்டுபோயின. வந்த வழி ஆறு மாதம். திரும்பிய வழி அறுபது நாள். கல்லஸ் ஸ்திராபோவின் சிநேகிதன். ஆகவே பிழை முழுவதும் வழிகாட்டியின் தலையில் விழுந்தது. அந்தத் தலையையும் உரோமில் வெட்டினார்கள்.

இன்னொரு தடவை இன்னும் கிட்ட வந்தார்கள். கி.பி. 116இல் திராஜன் பேரரசன் மெசப்பொத்தேமியாவைப் பிடித்துக்கொண்டு பாரசீகக் குடாவின் கரைக்கு வந்தான். இந்தியாவுக்குப் புறப்படும் கப்பலொன்றைக் கண்டு, எனக்கு இளவயது இருந்தால் நானும் போயிருப்பேன் என்று ஏங்கினானாம். வயது அறுபதைத் தாண்டிவிட்டது. அடுத்த ஆண்டு வீடு திரும்பும் வழியில் செத்துப்போனான். உரோமப் பேரரசன் ஒருவன் நம்முடைய பக்கம் பார்த்து விட்ட பெருமூச்சு அது ஒன்றுதான்.

படையாகப் பிடிக்க முடியாததைத் தீர்வையாகப் பிடித்தார்கள். கிழக்கிலிருந்து வரும் சரக்குக்கு நூற்றுக்கு இருபத்தைந்து. வியன்னாவில் ஒரு பப்பிரசுத் தாள் இருக்கிறது, கி.பி. 2ஆம் நூற்றாண்டு. மலையாளக் கரைத் துறைமுகமான முசிறியோடு தொடர்பான கடன் ஒப்பந்தம். அதன் பின்பக்கம் ஹெர்மபொலொன் என்ற கப்பலில் வந்த சரக்கின் விலைக்கணக்கு. யானைத்தந்தம், கங்கைப் பக்கத்து வாசனைத்தைலம் என்று வகைகள் வருகின்றன. மொத்தம், தெனாரியஸைவிடச் சிறிய செஸ்டர்ஸ் காசில், 70 இலட்சம் அளவில். கால்வாசி தீர்வை என்றால் பதினேழு இலட்சத்துக்கு மேல். அந்தக் காலத்தில் லீஜியன் சிப்பாயின் ஆண்டுச் சம்பளம் 1,200 செஸ்டர்ஸ். கரும்பலகையில் வகுத்துப் பார்த்தோம்: ஒரு கப்பல் சரக்கின் தீர்வையில் 1,400 சிப்பாய்களுக்கு ஓராண்டுச் சம்பளம். மிளகு வாங்கப் புறப்பட்ட கப்பல், மிளகு தின்கிற சிப்பாய்க்கே சம்பளம் கொண்டுவந்து கொடுத்தது.

அதே கப்பல்வழியில் எதிர்த்திசையிலும் ஆட்கள் போனார்கள். செங்கடலோரத்துப் பெரெனிகேயில் ஏழரைக் கிலோ மிளகு நிரம்பிய இந்தியச் சாடி ஒன்று கோயில் முற்றத்தில் புதைந்தபடியே கிடைத்தது. அங்கும் குசேர் அல் கதீமிலும் பானையோடுகளில் தமிழ்ப் பெயர்கள் தமிழி எழுத்தில் கீறியிருக்கின்றன. இந்தப் பக்கம் யவனர் வந்து நம்முடைய அரசர்களிடம் காவல் வேலை பார்த்ததை முல்லைப்பாட்டும் சிலப்பதிகாரமும் சொல்கின்றன. யவனர் என்றால் கிரேக்கரும் அடங்கும். எல்லோரையும் ஓய்வுபெற்ற லீஜியன்காரராக்கிவிடக் கூடாது. ஆனால் அவர்களில் ஒருவனாவது எங்கோ ஒரு முகாமில் அகழி வெட்டிவிட்டு வந்தவனாக இருந்திருப்பான் என்று நினைத்துக்கொள்வதில் எனக்கு ஒரு திருப்தி.

கந்தரோடை இந்த வழியின் ஒரு கிளை. யாழ்ப்பாணத்திலிருந்து பத்துக் கிலோமீற்றர், சுன்னாகத்துக்குக் கிட்ட, செம்பாட்டு மண். 1917இலும் 1919இலும் போல் பீரிஸ் அங்கே தான் கண்டெடுத்தவற்றைப்பற்றி எழுதினார். அவற்றில் உரோம நாணயங்களும் இருந்தன. 1970இல் பென்சில்வேனியாப் பல்கலைக்கழகத்தார் வெட்டிப் பார்த்தபோது, உருளையால் கோலமிட்ட அரிக்கமேட்டுச் சாதி மட்பாண்டங்கள் வந்தன. நாங்கள் பள்ளிப் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டுபோய்ப் பவளக்கல் தூபிகளைக் காட்டிவிட்டு வருகிற இடத்துக்குக் கீழே ஒரு சந்தையூர் கிடக்கிறது.

இலங்கைக்கும் உரோமுக்குமான முதல் அறிமுகமும் நாணயத்தால்தான். பேரரசன் குளோடியஸ் காலத்தில், அன்னியஸ் புளோகாமஸ் என்ற செங்கடல் தீர்வைக் குத்தகைக்காரனின் ஆள் காற்றில் அள்ளுண்டு இலங்கையில் ஒதுங்கினான். பிளினி என்ற உரோம எழுத்தாளன் சொல்கிற கதை இது. அவனிடமிருந்த தெனாரியஸ்களை எங்கள் அரசன் எடுத்துப் பார்த்தானாம். தலைகள் வேறுவேறு, நிறை மட்டும் ஒன்று. பல அரசர்கள் மாறியும் நிறை மாறவில்லையென்றால் இவர்கள் நேர்மையானவர்கள் என்று மெச்சி, நான்கு தூதர்களை உரோமுக்கு அனுப்பினான்.

பாவம் அரசன். பத்துப் பன்னிரண்டு ஆண்டில் நீரோ வெள்ளியைக் குறைக்கத் தொடங்கினான். காரணம் பெரும்பாலும் ஒன்றுதான்: படைக்குச் சம்பளம். டொமிஷியன் 225ஐ 300 ஆக்கினான். செவேரஸ் இன்னும் கூட்டினான், அவனுடைய மகன் அதற்கும் மேலே. சம்பளம் கூடக்கூட வெள்ளிக்குள் செம்பு கூடியது. கி.பி. 193இல் அரண்மனைக் காவற்படை அரசனைக் கொன்றுவிட்டு, அரியணையை மதில்மேல் நின்று ஏலம் கூறியது. ஆளுக்கு 25,000 செஸ்டர்ஸ் கேட்டு எடுத்த டிடியஸ் யூலியானஸ் 66 நாள் ஆண்டான். 235 முதல் 284 வரையான ஐம்பது ஆண்டில் இருபதுக்கு மேற்பட்ட அரசர்கள். பெரும்பாலானோரைக் கொன்றது சொந்தச் சிப்பாய்கள். அந்தக் காலத்து ‘வெள்ளி’ நாணயத்தில் நூற்றுக்கு ஐந்து பங்குகூட வெள்ளி இல்லை. வெறும் செம்பைச் சுண்ணாம்பு பூசிக் காட்டுவதுபோல் மேலே ஒரு பூச்சு.

இனி நெருப்புப்பெட்டிக்கு வருவோம். ‘கொன்ஸ்ட்’ என்ற ஐந்து எழுத்தை வைத்து அரசன் யாரென்று கண்டுபிடித்துவிடலாமென்று நினைத்தேன். முடியாது. தகப்பன் கொன்ஸ்தந்தைன். மகன்மார் மூவர்: கொன்ஸ்தந்தைன், கொன்ஸ்தாந்தியஸ், கொன்ஸ்தான்ஸ். எங்கள் ஊரில் பிள்ளைகளுக்கு ஒரே எழுத்தில் பெயர் வைத்துத் தபாற்காரனைக் குழப்புகிற வீடுகள் மாதிரி. கி.பி. 337இல் தகப்பன் கண்ணை மூடியதும் படையினர் சித்தப்பன்மாரையும் மச்சான்மாரையும் வெட்டினார்கள். மூன்று ஆண்டில் மூத்தவன் இளையவனோடு பொருதிச் செத்தான். பத்து ஆண்டு கழித்து இளையவனை அவனுடைய தளபதி கொன்றான். இந்த ஆண்டுகளில் வெளிவந்த காசில்தான் சிப்பாய்கள் ஒருவரையொருவர் அமைதியாகப் பார்த்துக்கொண்டு நிற்கிறார்கள். சுற்றிவரப் படையின் புகழ்.

ஆனால் கொடி ஆண்டைக் காட்டிக்கொடுத்தது. இந்தக் காசை 330இல் முதலில் அடித்தபோது இரண்டு சிப்பாய்களுக்கும் நடுவே இரண்டு கொடிகள். 335ஐ ஒட்டிக் காசைச் சிறிதாக்கினார்கள். சிறிய வட்டத்துக்குள் இரண்டு கொடிக்கு இடம் காணாது, ஒன்றை எடுத்துவிட்டார்கள். பேரரசு எப்போது சுருங்கத் தொடங்கியதென்று பரீட்சையில் கேட்பார்கள். நான் இந்த ஒரு கொடியைத்தான் காட்டினேன். எங்களிடம் வந்தது ஒற்றைக் கொடிக் காசு. அடுத்த பத்தாண்டில் குதிரையிலிருந்து விழுகிறவனைச் சிப்பாய் ஈட்டியால் குத்துகிற காசு வந்தது. வாசகம், நல்ல காலம் திரும்பிவிட்டது. முப்பது ஆண்டு கழித்து, 378இல், அட்ரியானோப்பிளில் கோத் இனத்தவரின் குதிரைப்படை வந்து விழுந்தது. பேரரசன் வாலென்ஸ் செத்தான், கூடநின்ற படையில் மூன்றில் இரண்டு பங்கும் போயிற்று.

இலங்கையில் கிடைக்கும் உரோம நாணயங்களில் மிகப் பெரும்பாலானவை இந்தக் கடைசிக்காலச் சில்லறைகள்தான். தாய்நாட்டில் மதிப்புக் கெட்டவை இங்கே நிறைக்கு வந்து இறங்கிச் சந்தையில் புழங்கின. போதாமல் போனபோது இங்குள்ளவர்களும் அதேபோல் அடித்தார்கள். அவற்றில் எழுத்துகள் வெறும் கோடும் புள்ளியுமாக இருக்கும்.

பெடியன் அந்தக் காசைக் கொண்டுவந்த நாளுக்குச் சற்று முந்தி, 1992 கார்த்திகையில், இங்கிலாந்தில் ஹொக்ஸ்ன் என்ற ஊரில் ஒருவர் வயலில் தொலைத்த சுத்தியலைத் தேடப்போய் ஒரு புதையலைக் கண்டார். எனக்கு அது தெரியவந்தது கனகாலம் கழித்து. பொன், வெள்ளி, வெண்கலமாக 15,000 அளவில் நாணயங்கள். வெள்ளியில் நான்கு மிளகுச் சாடிகள். கி.பி. 407க்குப் பிறகு, உரோமப் படை அந்தத் தீவை விட்டுப் போன நாட்களையொட்டி, யாரோ ஒரு குடும்பம் பெட்டியில் அடுக்கிப் புதைத்திருக்கிறது. கரண்டிகளைக்கூட ஒழுங்காக அடுக்கியிருந்தார்கள். திரும்பி வந்து எடுப்போமென்று நினைத்தவர்கள்தானே அப்படி அடுக்குவார்கள்.

1995 ஒக்ரோபர் 30. போர் நெருங்க, வலிகாமம் முழுவதும் ஒரே இரவில் நாவற்குழிப் பாலத்தால் தென்மராட்சிக்கு நடந்தது. கிளம்ப முன் கிடைத்த நேரத்தில் வீட்டுக்கு வீடு புதைத்தார்கள். நான் புத்தகங்களைப் பொலித்தீனில் கட்டிக் கோடிப்புறத்தில் தாழ்த்தேன், கறையான் தின்றது. பெடியனின் தாய் கிணற்றடி முருங்கைக்குக் கீழே குத்துவிளக்கு, பித்தளைக் குடம், ஒரு பால்மாப் பேணி என்று தாழ்த்திருக்கிறா. பேணிக்குள் பிறப்புச் சான்றிதழ்கள், ஒரு சோடித் தோடு, காசோடு நான் திருப்பிக் கொடுத்திருந்த அந்த நெருப்புப்பெட்டி.

1996இல் திரும்பி வந்தபின் ஒரு நாள் சைக்கிளில் அந்தப் பக்கம் போனேன். பெடியன் அப்போது கொழும்பில், பிறகு வெளிநாடு. தாய் தேத்தண்ணி தந்தா.

“விளக்கும் குடமும் வந்திட்டுது மாஸ்ரர். பேணிதான் உக்கிப் போச்சு. தோடு ஒண்டு எடுத்தம். உங்கட அந்தச் சல்லியைத்தான் காணேல்லை.”

“வடிவாத் தேடினியளோ?”

“அரிச்சும் பாத்தாச்சு. எங்க போகும்? முந்திக் கிடந்த மண்தானே.”

முருங்கைக்குக் கீழே கிளறிய இடத்தைப் பார்த்தேன். அதைச் சமப்படுத்தி, பாத்தி கட்டி, வெங்காயம் நட்டிருந்தார்கள்.